ஊர் வரலாறு தேட நில ஆவண இணையதளம் எவ்வளவு உதவும்? மதுரை வட்டார ஊர்களை வைத்து ஒரு மதிப்பீடு

தமிழ்நாடு அரசின் நில ஆவண இணையவழிச் சேவைக்குப் பெரும்பாலானவர்கள் போவது பட்டா, சிட்டா எடுக்கத்தான். அதைப் பற்றிய மதிப்பீடுகளும் ஓடிபி வந்ததா, பட்டா இறங்கியதா, பெயர் சரியாக இருக்கிறதா என்ற அளவில் நின்றுவிடுகின்றன. இந்த மதிப்பீடு வேறொரு பயன்பாட்டைப் பற்றியது. சொந்த ஊரின் வரலாற்றை எழுத நினைப்பவர்கள், ஊர்ப் பொதுவிடங்கள் எவை, எப்போது சுருங்கின என்று அறிய விரும்புபவர்கள், கண்மாய் மீட்புக் குழுக்கள், பள்ளி ஆசிரியர்கள் ஆகியோருக்கு இந்தச் சேவை எவ்வளவு தூரம் கைகொடுக்கும் என்பதே கேள்வி.

முடிவை முதலிலேயே சொல்லிவிடலாம். இன்றைய ஊரைப் படிக்க இதைவிட நல்ல இலவச ஆவணம் கிடையாது. ஆனால் சுமார் நாற்பது ஆண்டுகளுக்கு முந்தைய ஊரைத் தேடினால் இந்தத் தளம் கதவருகே கொண்டுபோய் விட்டுவிடும். உள்ளே போக வட்டாட்சியர் அலுவலகத்துக்கும் சென்னை எழும்பூர் ஆவணக் காப்பகத்துக்கும் நடக்க வேண்டும். ஐந்துக்கு மூன்றரை கொடுக்கலாம்.

ஊரைக் கண்டுபிடிப்பதே முதல் வேலை

பாதிப் பேர் தடுக்கி விழும் இடம் இது. தளத்தில் இருப்பவை நிலக் கணக்குக்காக வருவாய்த்துறை வகுத்த வருவாய் கிராமங்கள்தான். நாம் ஊர் என்று சொல்வது பல நேரம் ஒரு வருவாய் கிராமத்துக்குள் அடங்கிய சிற்றூராக, அதாவது உட்கடைக் கிராமமாக இருக்கும். பட்டியலில் அந்தப் பெயர் வராது. ஊராட்சியின் பெயரும் வருவாய் கிராமத்தின் பெயரும் ஒன்றாக இருக்க வேண்டும் என்ற கட்டாயமும் இல்லை. வீட்டுப் பட்டாவிலோ பழைய கிரயப் பத்திரத்திலோ இருக்கும் கிராமப் பெயரைப் பார்த்துவிட்டு உட்காருங்கள். சில கிராமங்கள் பிட்-1, பிட்-2 என்று பிரிந்திருக்கும். சிலவற்றுக்கு முன்னெழுத்து ஒட்டியிருக்கும். அதனால் பெயரின் முதல் எழுத்தில் மட்டும் தேடாமல் பட்டியல் முழுவதையும் ஒருமுறை ஓட்டிப் பார்க்க வேண்டும்.

வட்டமும் குழப்பும். மதுரை மாவட்டத்தில் இப்போது பதினொரு வட்டங்கள் உள்ளன. கள்ளிக்குடி, திருப்பரங்குன்றம் போன்றவை பின்னால் பிரிக்கப்பட்டவை. பழைய பத்திரத்தில் திருமங்கலம் தாலுகா என்று இருக்கும் ஊர் இன்று கள்ளிக்குடியில் கிடைக்கலாம். மாவட்டமும் அப்படியே. 1985-இல் திண்டுக்கல் பிரிந்தது, அதே ஆண்டில் இராமநாதபுரம் உடைந்து சிவகங்கை உருவானது, தேனி 1990-களில் தனியானது. மதுரையிலிருந்து கூப்பிடு தூரத்தில் இருக்கிற கீழடி, திருப்புவனம் வட்டம், சிவகங்கை மாவட்டத்தில்தான் வரும். மதுரையில் தேடினால் எத்தனை முறை தேடினாலும் வராது.

அடுத்து ஊரகமா, நத்தமா என்று கேட்கும். வயல், கண்மாய், மந்தை எல்லாம் ஊரகத்தில் இருக்கும். வீடுகள் நத்தத்தில் இருக்கும். இரண்டுக்கும் தனித்தனி எண்கள். ஊரின் தெரு அமைப்பு வேண்டுமென்றால் நத்தத்தையும் தனியாகப் பார்க்கத்தான் வேண்டும்.

‘அ’ பதிவேட்டின் ஒரு வரி

ஊர் வரலாற்றுக்கு இந்தத் தளத்தில் மிகப் பயனுள்ள பகுதி ‘அ’ பதிவேடு. பட்டாவில் உடைமையாளரின் பெயரும் அவருடைய நிலத்தின் எண், பரப்பு, தீர்வை போன்றவையும் வரும். ‘அ’ பதிவேட்டில் நிலத்தின் குணமே வரும். புல எண் (சர்வே எண்), உட்பிரிவு, பழைய புல எண், அரசு நிலமா அல்லது தனியார் அரசுக்கு நேரடியாக வரி கட்டி வைத்திருக்கும் ரயத்துவாரி நிலமா, நன்செய்யா புன்செய்யா, பாசன ஆதாரம், இருபோகமா, மண் வயனமும் ரகமும், தரம், தீர்வை (நிலவரி) வீதம், பரப்பு, தீர்வை, பட்டா எண்ணும் பெயரும், கடைசியில் குறிப்பு என்று நீளும் வரி அது.

பரப்பு 0-40.50 என்று இருந்தால் பூஜ்யம் ஹெக்டேர், 40.50 ஏர் என்று பொருள். அதாவது ஒரு ஏக்கர். ஒரு ஏர் சுமார் 2.47 சென்ட், நூறு ஏர் ஒரு ஹெக்டேர். 12-35.00 என்று ஒரு கண்மாய் இருந்தால் அது முப்பதரை ஏக்கர். ஊரில் கேட்டால் அந்தக் கண்மாயை ஐம்பது ஏக்கர் என்று சொல்லக்கூடும். அவர்கள் சொல்வது தவறாகவே இருக்கும் என்று எண்ணிவிட வேண்டாம். ஒரே கண்மாய் இரண்டு வருவாய் கிராமங்களில் விழுந்திருந்தால் மறுபாதி பக்கத்து ஊரின் பதிவேட்டில் இருக்கும். கரை, வரத்துக்கால் போன்றவை வேறு எண்ணில் இருக்கவும் வாய்ப்புண்டு. எல்லாவற்றையும் கூட்டிய பிறகுதான் ஆக்கிரமிப்பு என்ற பேச்சுக்குப் போக வேண்டும்.

பாசன ஆதாரம் என்ற கட்டத்தை யாரும் கவனிப்பதில்லை. மேலூர் பக்கத்து ஊர்களுக்கு அதுவே முக்கியமான கட்டம். 1895-இல் பெரியாறு அணைத் தண்ணீர் வைகைக்குத் திருப்பப்பட்ட பிறகு, மானாவாரியாகக் கிடந்த நிலங்கள் அந்தப் பக்கம் நன்செய் ஆயின. ஊரின் எந்தப் பகுதி கண்மாய்ப் பாசனம், எந்தப் பகுதி பெரியாறு கால்வாய்ப் பாசனம் என்று புல எண்வாரியாக நிறம் தீட்டிப் பார்த்தால், பழைய ஊர் எது, கால்வாய் வந்த பிறகு விரிந்த ஊர் எது என்று கோடு போட்டாற்போலத் தெரியும்.

இன்னொன்று குறிப்புக் கட்டம். புறம்போக்கு என்றால் சும்மா கிடக்கும் நிலம் என்ற எண்ணம் பரவியிருக்கிறது. ஒரு ஊரின் கூட்டு வாழ்க்கை மொத்தமும் அந்தக் கட்டத்தில்தான் இருக்கிறது: கண்மாய், ஊருணி, வாய்க்கால், மந்தை, களம், தோப்பு, மேய்ச்சல் தரை, வண்டிப்பாதை, கோயில், மயானம், நத்தம். மந்தை எந்த எண்ணில் இருக்கிறது, அதை ஒட்டி எந்தக் கோயில், ஊருணிக்கும் நத்தத்துக்கும் நடுவில் பாதை இருக்கிறதா, கிடையாதா என்று பாருங்கள். ஊர்க்கூட்டம் நடந்த இடம், பொங்கலுக்கு மாடு அவிழ்த்த இடம், தண்ணீர் எடுத்த வழி மூன்றும் கிடைத்துவிடும். கரையோரம் அரை ஏர், ஒரு ஏர் அளவில் தனி எண்ணாகக் கோயில் என்று இருந்தால் அது பெரும்பாலும் அய்யனார் அல்லது காவல் தெய்வத்தின் இடம்.

சாதியும் அதே கட்டத்தில் இருக்கிறது. இரண்டு நத்தம், இரண்டு மயானம், நடுவில் ஒரு வாய்க்கால் அல்லது வயல்வெளி. எழுதுபவர்கள் இதைத் தாண்டிப் போய்விடக் கூடாது. திருவிழாவை விரிவாக எழுதிவிட்டு மயானப் பாதையை விட்டுவிட்டால் அது ஊர் வரலாறு ஆகாது. பஞ்சமி நிலமும் இதில் சேரும். செங்கல்பட்டு ஆட்சியராக இருந்த டிரமென்ஹீரின் அறிக்கையை ஒட்டி 1892-இல் ஒடுக்கப்பட்ட மக்களுக்கு நிலம் வழங்க ஆணை வந்தது. விற்பனைக்குக் கட்டுப்பாடும் அதிலேயே இருந்தது. பழைய பதிவேட்டின் குறிப்பில் அந்த அடையாளம் இருந்து இன்றைய பதிவேட்டில் விடுபட்டிருக்கலாம். இரண்டையும் ஒப்பிடாமல் ‘எங்கள் ஊரில் பஞ்சமி நிலம் கிடையாது’ என்று எழுதக் கூடாது.

தளத்தின் குறைகள்

ஒரு நேரத்தில் ஒரு புல எண்ணைத்தான் பார்க்க முடியும். ஊர் முழுவதற்கும் சேர்த்துப் பதிவேட்டை இறக்க வழி கிடையாது. நடுத்தர அளவு கிராமத்திலேயே சில நூறு புல எண்கள் இருக்கும், உட்பிரிவுகள் அதைவிடப் பன்மடங்கு. உட்பிரிவு எண் தவறினால் விவரம் வராது. வரவில்லை என்பதால் அப்படி ஒரு புலமே இல்லை என்று முடிவுகட்டிவிடாதீர்கள். முதலில் கிராம வரைபடத்தைக் கையில் வைத்துக்கொண்டு, நீர்நிலை, பாதை, நத்தம், மலை என்று தெரியும் எண்களை மட்டும் குறித்து, அவற்றைத் தளத்தில் பார்ப்பது நல்லது. பத்தில் ஒரு பங்கு உழைப்பில் பொதுநிலம் முழுவதும் வந்துவிடும். கிராம வரைபடம் ஆட்சியர் அலுவலக வளாகத்தில் உள்ள நில அளவைப் பதிவேடுகள் துறையிலும், சென்னை சேப்பாக்கத்தில் உள்ள மத்திய நில அளவை அலுவலகத்திலும் கட்டணம் கட்டி வாங்கலாம். வட்டாட்சியர் அலுவலக நில அளவைப் பிரிவில் பார்க்கவாவது கிடைக்கும்.

ஒரு புல எண்ணின் அளவு வரைபடமான புலப்படத்தை அச்செடுக்கும்போது ‘தாளுக்கு ஏற்றபடி சுருக்கு’ என்ற தெரிவு தானாக விழுந்திருந்தால் அளவு கெட்டுவிடும். உண்மை அளவிலேயே அச்செடுங்கள். ஒவ்வொரு புலத்துக்கும் அளவுகோல் மாறலாம், அது தாளிலேயே எழுதியிருக்கும். ஓரங்களில் அண்டைப் புல எண்கள் இருக்கும். அவற்றை வைத்து ஒன்றோடொன்று பொருத்தி ஒட்டினால் ஊரின் ஒரு பகுதியாவது பெரிய வரைபடமாகக் கிடைக்கும். பழைய கைப்படங்களில் அளவு மீட்டரில் இருக்காது, லிங்க்ஸில் இருக்கும். நூறு லிங்க்ஸ் ஒரு சங்கிலி, அதாவது 66 அடி. ஒரு லிங்க் சுமார் 20 செ.மீ. இதைக் கவனிக்காமல் பழைய படத்தையும் புதிய படத்தையும் பக்கத்தில் வைத்தால், வாய்க்கால் ஐந்து மடங்கு குறுகிவிட்டதாகத் தோன்றும்.

பெரிய குறை, ஆண்டு. தளத்தில் இருப்பது யு.டி.ஆர். என்று எல்லா அலுவலகத்திலும் சொல்லப்படும் நில உடைமைப் பதிவு மேம்பாட்டுத் திட்டத்தின் பதிவேடும் அதற்குப் பிறகு ஏறிய மாற்றங்களும்தான். 1979-இல் தொடங்கி 1987 வரை நடந்த திட்டம் அது. இடையிலேயே, 1980 நவம்பரில், பரம்பரைக் கர்ணம், மணியம் பதவிகள் ஒழிக்கப்பட்டுப் பின்னர் கிராம நிர்வாக அலுவலர்கள் வந்தார்கள். ஊரின் ஒவ்வொரு வரப்பையும் மனப்பாடமாக வைத்திருந்த கணக்குப்பிள்ளைகள் வெளியேறிய காலமும், பதிவேடுகள் புதிதாக எழுதப்பட்ட காலமும் ஒன்றாக அமைந்துவிட்டன. பதவி ஒழிந்தது நியாயம். ஆனால் யு.டி.ஆர். பிழைகள் ஏன் இவ்வளவு என்று கேட்பவர்கள் இதையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். கோயில் நிலம் பூசாரி பெயரில் ஏறியிருப்பது, ஊருணி தரிசு என்று பதிவாகியிருப்பது, உட்பிரிவு மாறி அண்ணன் நிலம் தம்பிக்குப் போயிருப்பது எல்லாம் அந்தக் காலத்துப் பிழைகளில் அடிக்கடி பேசப்படுபவை.

‘பழைய புல எண்’ என்ற கட்டம் இருப்பதால் தப்பித்தோம். அந்த எண்தான் அதற்கு முந்தைய பதிவேட்டுக்குச் சாவி. புதிய எண், பழைய எண் இரண்டையும் ஒரு நோட்டில் எதிரெதிரே எழுதிக்கொள்ளாமல் ஆவணக் காப்பறைக்குப் போவது வீண்.

தளத்துக்கு வெளியே

வட்டாட்சியர் அலுவலகக் காப்பறையில் கேட்க வேண்டியது யு.டி.ஆருக்கு முந்தைய மறுநிலவரித் திட்டப் பதிவேடு, அதாவது ஆர்.எஸ்.ஆர். ‘பழைய அ-பதிவேடு’ என்று பொதுவாகக் கேட்டால் யு.டி.ஆர். பதிவேட்டையே காட்டுவார்கள். நேரில் கிடைக்காவிட்டால் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் பத்து ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டி, கிராமப் பெயர், பழைய புல எண், பதிவேட்டின் பெயர் மூன்றையும் குறிப்பிட்டு விண்ணப்பிக்கலாம். முப்பது நாளில் பதில் தர வேண்டும். ‘எங்கள் ஊர் வரலாற்று ஆவணங்கள் அனைத்தும்’ என்று கேட்டால் ‘தகவல் தொகுத்து வைக்கப்படவில்லை’ என்று ஒரு வரியில் முடித்துவிடுவார்கள். கேட்பது ஒரு பதிவேடு, சில பக்கங்கள் என்று இருக்கட்டும்.

பசலி என்ற வருவாய்க் கணக்கு ஆண்டு புரியாமல் பலர் தேதியைத் தவறாக எழுதுகிறார்கள். பசலி ஜூலை 1-இல் தொடங்கி ஜூன் 30-இல் முடியும். அதோடு 590-ஐக் கூட்டினால் தொடங்கும் ஆண்டு வரும். பசலி 1320 என்றால் 1910 ஜூலை, 1434 என்றால் 2024 ஜூலை. அடங்கல் என்ற இரண்டாம் எண் கிராமக் கணக்கில் பசலிவாரியாக எந்தப் புலத்தில் என்ன பயிர் என்று இருக்கும். பழைய அடங்கல் நாலைந்து கிடைத்தாலே கேழ்வரகும் வரகும் எப்போது ஊரைவிட்டுப் போயின என்று சொல்லிவிடலாம். புறம்போக்கில் மரம் வைத்து அனுபவித்தவர்களுக்குக் கொடுத்த 2சி பட்டாவையும் கேளுங்கள். கண்மாய்க்கரைப் புளியமரம் யார் வைத்தது என்ற கதைகளுக்கு எழுத்தில் கிடைக்கும் ஆதாரம் அநேகமாக அது ஒன்றுதான்.

இதற்கும் முன்னால் போக, உங்கள் ஊர் எந்த வகை என்று தெரிய வேண்டும். சர்க்கார் நேரடி ரயத்துவாரி ஊர் என்றால் 19-ஆம் நூற்றாண்டின் நிலவரித் திட்டப் பதிவேடு வரை தொடர் இருக்கும். சிவகங்கைப் பக்கத்து ஊர் என்றால், ஜமீன் ஒழிப்புக்கான 1948-ஆம் ஆண்டின் 26-ஆம் சட்டம் வரும்வரை ஜமீன் கணக்கில் இருந்திருக்கும். அங்கே பழைய ரயத்துவாரிப் பதிவேட்டைத் தேடி அலைய வேண்டாம். இனாம் (மானியமாகக் கொடுத்த) கிராமம் அல்லது ஊருக்குள் இனாம் நிலம் என்றால் 1963-ஆம் ஆண்டின் 26, 30-ஆம் எண் சட்டங்களின்படி நடந்த விசாரணை ஆணைகள் கைகொடுக்கும். இனாம்களுக்கான பழைய மூலம் 1858-இல் அமைந்த இனாம் கமிஷன் தயாரித்த பதிவேடு. எழும்பூர் தமிழ்நாடு ஆவணக் காப்பகத்தில் பார்க்க வேண்டும். யார் கொடுத்தது, எதற்காகக் கொடுத்தது, இப்போது யார் அனுபவிக்கிறார்கள் என்று அதில் விசாரித்து எழுதியிருப்பார்கள். கோயில் விளக்கு, தண்ணீர்ப் பந்தல், மடைக் காவல், தச்சு வேலை என்று ஊர் ஊழியம் எப்படி நிலத்தோடு கட்டப்பட்டிருந்தது என்பதற்கு அதைவிட நெருக்கமான ஆவணம் அரிது.

இங்கிலாந்துக் கிராமத்துக்கு இருப்பதும் நமக்கு இல்லாததும்

இங்கிலாந்தின் சின்னச் சின்னக் கிராமங்களுக்கும் நல்ல ஊர் வரலாறு இருப்பதைப் பார்த்து நம்மவர்கள் வியக்கிறார்கள். அங்கே ஆவணம் தொடர்ந்து காக்கப்பட்டது, ஊர்வாரியாக இருக்கிறது, பார்க்க எளிது. 1538 முதல் ஒவ்வொரு பங்குக் கோயிலிலும் (ஊர்த் தேவாலயத்திலும்) ஞானஸ்நானம், திருமணம், அடக்கம் பதிவானது. விளைச்சலில் பத்தில் ஒரு பங்கைத் திருச்சபைக்குக் கொடுத்துவந்த முறையைப் பணமாக மாற்ற 1836-இல் சட்டம் வந்ததும், இங்கிலாந்து, வேல்ஸ் பரப்பில் ஏறத்தாழ முக்கால் பங்குக்கு ஊர்வாரி வரைபடமும் பட்டியலும் தயாராயின. வயல் எண், வயல் பெயர், உடையவர், பயிர் செய்பவர், நிலத்தின் பயன்பாடு, பரப்பு எல்லாம் அதில் உண்டு. 1841 முதல் மக்கள்தொகைக் கணக்கும் ஆள்வாரியாகக் கிடைக்கிறது.

நம் புலப்படமும் ‘அ’ பதிவேடும் அளவுத் துல்லியத்தில் அந்த வரைபடங்களுக்குக் குறைந்தவை அல்ல. இரண்டு கட்டங்கள்தான் குறைகின்றன. ஒன்று, பயிர் செய்பவர். பட்டாதாரர் பெயர் இருக்கும், வாரத்துக்கோ குத்தகைக்கோ உழுதவர் பெயர் இருக்காது. 1969-ஆம் ஆண்டின் குத்தகை உரிமைப் பதிவேட்டுச் சட்டப்படி எழுதப்பட்ட பதிவேட்டைத் தனியாகக் கேட்டுப் பார்க்க வேண்டும். இரண்டாவது, வயல் பெயர். பதிவேட்டுக்கு ஒரு புலம் 112/3 மட்டுமே. ஊருக்கோ ஒவ்வொரு செய்க்கும், ஒவ்வொரு திடலுக்கும், ஒவ்வொரு மடைக்கும் பெயர் உண்டு. கீழடியில் அகழாய்வு நடந்த தென்னந்தோப்பு மேடு பள்ளிச்சந்தைத் திடல் என்று ஊரார் வாயில் இருந்தது. ஊருக்குள் அப்படி எத்தனை மேடுகளுக்குப் பெயர் இருக்கிறது என்பது எந்தக் கணினியிலும் இல்லை.

எனவே, ஒட்டிய புலப்படத்தை மந்தையில் விரித்து வைத்து, மடை திறந்து பழகியவர்களையும் மாடு மேய்த்தவர்களையும் நாற்று நட்ட பெண்களையும் உட்காரவைத்துப் பெயர்களை எழுதி வாங்குவது இந்த வேலையின் சரிபாதி. பெண்களைத் தனியாகவும் கேட்க வேண்டும். ஆண்களுக்கு மடைப் பெயர் தெரியும், களையெடுத்தவர்களுக்குத்தான் ஒவ்வொரு செய்யின் பெயரும் தெரியும். முளைப்பாரி எந்தப் பாதையில் போகும், முதல் மரியாதை எந்தக் கரைக்கு (வகையறாவுக்கு), கண்மாய்த் தண்ணீர் வற்றும்போது மீன்பிடிக்கு முதலில் யார் வலை வீசுவார் என்ற முறைகளையும் அந்தந்தப் புல எண்ணுக்கு நேரே குறித்துக்கொள்ளலாம்.

அரிட்டாபட்டி பகுதி இதற்குக் கண்ணெதிரே நிற்கும் ஊர். 2022 நவம்பரில் 193.42 ஹெக்டேர் பல்லுயிர் பாரம்பரியத் தலமாக அறிவிக்கப்பட்டது. 2024-இல் டங்ஸ்டன் சுரங்க ஏலம் வந்து, ஊர்கள் திரண்டு, 2025 ஜனவரியில் அந்த ஏலம் ரத்தானது. மலையில் தமிழி (தமிழ்-பிராமி) எழுத்து, குடைவரைக் கோயில், சுனைகள், கண்மாய்கள் எல்லாம் ஊராருக்கு முன்பே தெரியும். அரசுத் தாள் பேசுவதோ எப்போதும் எல்லையிலும் எண்ணிலும். ஊர்ப் பெயரையும் புல எண்ணையும் ஒரே தாளில் வைத்திருக்கும் ஊருக்கு இந்த மாதிரி நேரத்தில் பாதி வேலை முடிந்திருக்கும்.

பயன்படுத்துவதற்கு முன்

தளத்தில் பார்வையிடக் கட்டணம் கிடையாது. கைபேசி எண் வேண்டும். எடுத்த பக்கங்களில் மேற்கோள் எண்ணும் தேதியும் வரும்படி முழுப் பக்கமாகச் சேமியுங்கள். வெட்டியெடுத்த படத்துக்கு நாளைக்கு மதிப்பு இருக்காது. வில்லங்கச் சான்றைப் பதிவுத்துறைத் தளத்தில் தனியாகப் பாருங்கள். கோயிலுக்கு எழுதிவைத்த தானப் பத்திரங்கள் அங்கே தட்டுப்படும். பட்டாதாரர் பெயர்ப் பட்டியலை அப்படியே ஊர் மலரில் அச்சடிக்காதீர்கள், பங்காளிச் சண்டைக்கு அதுவே போதும். பொதுநிலத்தின் எண்ணும் பரப்பும் மட்டும் போட்டால் போதுமானது.

பொதுநிலப் பதிவில் பிழை கண்டால் ஜமாபந்திக்கு (கிராமக் கணக்குகளின் ஆண்டுத் தணிக்கைக்கு) முன்னால் மனுவைத் தயார் செய்துவிடுங்கள். ஆண்டுதோறும் பசலி முடியும் தறுவாயில், மே, ஜூன் வாக்கில் நடக்கும். கிராமக் கணக்குகள் எல்லாம் ஒரே மேசைக்கு வரும் நாள் அது. புதிய எண், பழைய எண், இரண்டு பதிவேட்டின் நகல், புலப்படம் நான்கையும் மனுவோடு இணைத்துக் கொடுத்து, ஒப்புகைச் சீட்டு வாங்காமல் திரும்ப வேண்டாம்.